வாய்தாவுக்குப் போகாததால் அப்பீல் தள்ளுபடியா? கேள்வி பதில்

கே: மேடம், சப் கோர்ட்டில் எங்கள் நில அப்பீல், யாரும் ஆஜராகவில்லை என்று போன வாரம் தள்ளுபடி ஆகிவிட்டது. ஹைகோர்ட்டில் இரண்டாவது அப்பீல் போடலாமா?

ப: முடியாது. ஆஜராகாததற்காகத் தள்ளும் உத்தரவு தீர்ப்பாணையே (டிக்ரி) அல்ல என்கிறது உரிமையியல் நடைமுறைச் சட்டம், பிரிவு 2(2). தீர்ப்பாணை இல்லையென்றால் பிரிவு 100-ன்படி இரண்டாம் மேல்முறையீடும் இல்லை. அதே சப் கோர்ட்டில், அந்தச் சட்டத்தின் கட்டளை 41 விதி 19-ன் கீழ், அப்பீலை மறுபடி கோப்பில் எடுக்கச் சொல்லி மனுப் (மீட்பு மனு) போடுங்கள். கெடு 30 நாள். அது தள்ளுபடியான தேதியிலிருந்தே ஓடுகிறது, நகல் கைக்கு வந்த தேதியிலிருந்து அல்ல. பலர் கோட்டை விடுவது இங்கேதான்.

கே (இன்னொருவர்): எங்கள் அப்பீலும் இப்படித்தான் தள்ளுபடி ஆனது, நாலு மாசம் ஓடிப்போச்சு. வக்கீல் சொல்லவே இல்லை.

ப: காலவரையறைச் சட்டம் பிரிவு 5-ன்படி தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவையும் சேர்த்துப் போடுங்கள். வக்கீலின் தவறுக்குக் கட்சிக்காரர் பலியாகக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் 1981-லேயே உச்ச நீதிமன்றம் சொன்னது. ஆனால் அதை மட்டும் நம்பிப் போகாதீர்கள். ‘இ-கோர்ட்ஸ் செயலியில் வழக்கு நிலையைப் பார்த்திருக்கலாமே’ என்று நீதிபதி கேட்டால் பதில் வேண்டும். வக்கீலை எப்போது பார்த்தீர்கள், என்ன சொன்னார், விஷயம் எப்படித் தெரிந்தது எல்லாம் தேதியோடு பிரமாணப் பத்திரத்தில் வரட்டும். ‘உடம்பு சரியில்லை’ என்ற ஒற்றை வரி, மருத்துவச் சான்று இல்லாமல் பெரும்பாலும் எடுபடாது. செலவுத் தொகை கட்டச் சொன்னால் முணுமுணுக்காமல் கட்டிவிடுங்கள்.

கே: யாரும் வராத நாளில், வழக்குக் கட்டைப் படித்துப் பார்த்து ‘அப்பீலில் சாரமில்லை’ என்று எழுதித் தள்ளிவிட்டார்கள். அப்படிச் செய்யலாமா?

ப: கூடாது. மேல்முறையீட்டாளர் வராதபோது வழக்கின் தகுதியைப் பார்த்துத் தள்ள அதிகாரமில்லை என்று அதே கட்டளை 41-ன் விதி 17-க்கு 1976 திருத்தத்தில் விளக்கமே சேர்த்திருக்கிறார்கள். ஒன்று, ஆஜராகாததற்காகத் தள்ள வேண்டும். அல்லது வாய்தா போட வேண்டும். அந்த உத்தரவை உங்கள் வக்கீலிடம் வரி வரியாகப் படிக்கச் சொல்லுங்கள். தகுதியின் மேல் முடிவெடுத்திருந்தால், இரண்டாம் அப்பீலில் இதையே சட்டக் கேள்வியாக எழுப்ப இடமிருக்கிறது.

கே (வேறொருவர்): நாங்கள் அப்பீலில் எதிர்த்தரப்பு. கீழ்க்கோர்ட்டில் ஜெயித்தோம். அப்பீல் நோட்டீஸே வரவில்லை, நாங்கள் இல்லாமலே எக்ஸ்பார்ட்டி (ஒருதலைப்பட்சம்) ஆக்கிவிட்டார்கள்.

ப: உங்களுக்கு அதே கட்டளை 41-ன் விதி 21; அப்பீலை மறுபடி விசாரிக்கச் சொல்லி மனுப் போடலாம். இதற்கும் 30 நாள்தான், ஆனால் நோட்டீஸ் முறையாக உங்களிடம் சேர்க்கப்படாதபோது விஷயம் தெரிந்த நாளிலிருந்து கணக்கு.

கே: மீட்பு மனுவையும் தள்ளிவிட்டால்?

ப: கட்டளை 43-ன்படி அதன் மேல் சி.எம்.ஏ. (உரிமையியல் இதர மேல்முறையீடு) போடலாம்.

கே: மனு நிலுவையில் இருக்கும்போதே எதிராளி இ.பி. (தீர்ப்பை நிறைவேற்றக் கோரும் மனு) போட்டுவிட்டார். அப்பீலில் வாங்கிய பழைய ஸ்டே இருக்கிறதே?

ப: இல்லை. அப்பீல் போனதும் அதில் வாங்கிய தடையும் போய்விட்டது. மீட்பு மனுவோடு தடை மனுவும் தனியாகப் போட்டு, சொத்தைச் சுவாதீனம் எடுக்க கோர்ட் ஊழியரான அமீனா வருவதற்குள் உத்தரவு வாங்கப் பாருங்கள்.