பைபாஸுக்கு மூன்றரை லட்சம்: நகையை எடுப்பதற்கு முன் சம்பளச் சீட்டைப் பாருங்கள்

கேள்வி: திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் நான்கு வருடமாக செக்கிங் சூப்பர்வைசராக இருக்கிறேன். வயது 27, இன்னும் திருமணம் ஆகவில்லை. சம்பளம் 18,200. அதில் பி.எஃப். பிடிக்கிறார்கள், இ.எஸ்.ஐ. என்று 137 ரூபாய் பிடிக்கிறார்கள் (அது வேஸ்ட்). அப்பாவுக்கு 61 வயது. பல்லடம் பக்கம் விசைத்தறி ஓட்டிக்கொண்டிருந்தார், நெஞ்சு வலி வந்ததிலிருந்து வேலைக்குப் போகவில்லை. அம்மா வீட்டில் பிசிறு வெட்டி மாதம் 3,000 சம்பாதிக்கிறார். ஆஞ்சியோவில் மூன்று அடைப்பு என்று சொல்லி, கோவையில் ஒரு தனியார் மருத்துவமனையில் பைபாஸுக்கு மூன்றரை லட்சம் கேட்கிறார்கள், வரும் திங்கட்கிழமை 50,000 முன்பணத்தோடு வரச் சொல்கிறார்கள். என் கல்யாணத்துக்கு என்று சேர்த்த 7 பவுனை விற்றுவிட்டு மிச்சத்தை 3 வட்டிக்கு வாங்கலாமா? தெரிந்த ஏஜென்ட் ஒருவர், நோயைச் சொல்லாமல் அப்பா பெயரில் 10 லட்சத்துக்கு பாலிசி போடலாம் என்கிறார். முதலமைச்சர் காப்பீட்டுக்கு வருமானச் சான்று 'ஏற்பாடு' செய்து தருவதாக ஒரு புரோக்கரும் சொல்கிறார். இதற்கிடையில் வேறு கம்பெனியில் 21,500 சம்பளத்துக்குக் கூப்பிடுகிறார்கள். குழப்பமாக இருக்கிறது.

பதில்: பணத்துக்கு வருவதற்கு முன் ஒரு வேலை. ஆஞ்சியோ செய்த டாக்டரிடம் நேராகப் போய் "எத்தனை வாரம் பொறுக்கலாம்?" என்று மட்டும் கேளுங்கள். பில்லிங் கவுன்டரில் சொன்ன திங்கட்கிழமையும் டாக்டர் சொல்லும் அவகாசமும் ஒன்றாக இருக்க வேண்டும் என்று கட்டாயமில்லை. அவரே உடனே செய்ய வேண்டும் என்றால் கீழே சொல்வதையெல்லாம் நாளைக் காலையிலேயே ஆரம்பிக்க வேண்டும். சும்மா உட்கார்ந்திருக்கும்போதே அப்பாவுக்கு வலி வந்தால் 108-ஐக் கூப்பிடுங்கள், அப்போது எந்தக் கணக்கும் பார்க்க வேண்டாம். அப்புறம், ஆஞ்சியோ சிடியையும் ரிப்போர்ட்டையும் கேட்டு வாங்கிக்கொள்ளுங்கள். அது உங்கள் உரிமை, எங்கே போனாலும் அது தேவைப்படும்.

இனி அந்த 137 ரூபாய், அதாவது இ.எஸ்.ஐ. என்ற தொழிலாளர் காப்பீட்டுக்குப் பிடிப்பது. நீங்கள் அடைப்புக்குறிக்குள் வேஸ்ட் என்று எழுதியிருக்கும் அதுதான் இந்தக் கடிதத்திலேயே விலை உயர்ந்த விஷயம். உங்கள் சம்பளத்தில் 0.75 சதவீதம் நீங்கள் கட்டுகிறீர்கள், கம்பெனி தன் பங்காக 3.25 சதவீதம், அதாவது 592 ரூபாய், மாதா மாதம் உங்கள் பெயரில் கட்டுகிறது. இதற்கான மருத்துவ வசதி உங்களுக்கு மட்டுமில்லை, உங்களை நம்பியிருக்கும் அப்பா அம்மாவுக்கும் உண்டு. பெற்றோருக்கு எல்லா வழியிலும் சேர்த்து மாத வருமானம் 9,000 ரூபாய்க்கு மேல் போகக் கூடாது என்பது நிபந்தனை, உங்கள் வீட்டில் அம்மாவின் 3,000 மட்டும்தான் வருகிறது. பெண் பிள்ளையின் பெயரில் அப்பாவைச் சேர்க்க முடியாது என்று யாராவது சொன்னால் நம்பாதீர்கள், சட்டத்தில் அப்படி ஒரு பாகுபாடு கிடையாது.

இ.எஸ்.ஐ.க்கு ஊரில் நல்ல பெயர் இல்லை என்பது எனக்கும் தெரியும். காய்ச்சலுக்குப் போய் அரை நாள் வரிசையில் நின்று, அரை நாள் கூலியையும் விட்டு, நான்கு மாத்திரையோடு திரும்பியவர் இரண்டாவது தடவை அந்தப் பக்கம் போக மாட்டார், அதைக் கேட்ட பக்கத்து மிஷின்காரரும் போக மாட்டார். ஆனால் அந்த வரிசையை வைத்தே மொத்தத் திட்டத்தையும் எடை போட்டுவிடுகிறோம், லட்சக்கணக்கில் பில் வரும்போது அதன் நினைப்பே வருவதில்லை. இ.எஸ்.ஐ. மருத்துவமனையில் வசதி இல்லாத பெரிய சிகிச்சைகளுக்கு அவர்களே ஒப்பந்தம் உள்ள தனியார் மருத்துவமனைக்கு எழுதிக் கொடுக்கிறார்கள், அங்கே நீங்கள் பணம் கட்ட வேண்டியதில்லை. உங்களிடம் மூன்றரை லட்சம் கேட்ட மருத்துவமனையே கூட அந்தப் பட்டியலில் இருக்கலாம், விசாரியுங்கள்.

முறை முக்கியம். முதலில் கம்பெனி எச்.ஆரிடம் போய் உங்கள் இ.எஸ்.ஐ. எண்ணில் அப்பா அம்மா பெயர் ஏறியிருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். இல்லையென்றால் ஆதாரைக் கொடுத்து அன்றைக்கே ஏற்றச் சொல்லுங்கள், ஆன்லைனில் முடிகிற வேலைதான் அது. இழுத்தடித்தால் நீங்களே இ.எஸ்.ஐ. கிளை அலுவலகத்துக்குப் போய்க் கேளுங்கள். அடுத்து உங்களுக்கு ஒதுக்கிய மருந்தகம், அங்கிருந்து கோவை சிங்காநல்லூர் இ.எஸ்.ஐ. மருத்துவமனை, அங்கே இதய டாக்டரிடம் ஆஞ்சியோ ரிப்போர்ட். வேலையில் சேர்ந்து எவ்வளவு காலம், எத்தனை நாள் சந்தா போயிருக்கிறது என்று பார்ப்பார்கள், நான்கு வருடம் விடாமல் வேலை செய்கிற உங்களுக்கு அது தடையாக இருக்கக் கூடாது. இந்தப் பரிந்துரைக் கடிதம் கையில் வருவதற்கு முன் தனியாரில் சேர்த்துவிட்டு, பிறகு பில்லைக் கொடுத்துப் பணம் வாங்கிக்கொள்ளலாம் என்று மட்டும் நினைக்காதீர்கள். உயிருக்கு ஆபத்தான அவசரம் தவிர மற்றபடி அந்தப் பணம் திரும்பி வருவது கஷ்டம்.

இது ஏதாவது காரணத்தால் நடக்கவில்லை என்றால் கோவை அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இருக்கிறது. காப்பீட்டு அட்டை இல்லை என்பதற்காக அங்கே யாரையும் திருப்பி அனுப்ப மாட்டார்கள். காத்திருக்க வேண்டி வரலாம், அதனால்தான் டாக்டரிடம் வாரக் கணக்கைக் கேட்கச் சொன்னேன்.

முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம் நல்ல திட்டம்தான், குடும்பத்துக்கு வருடம் 5 லட்சம் வரை. ஆனால் குடும்ப ஆண்டு வருமானம் 1,20,000 ரூபாய்க்குள் இருக்க வேண்டும், உங்கள் சம்பளம் மட்டுமே 2,18,400. புரோக்கர் தருகிற சான்று பொய்ச் சான்று. நாளைக்கு யாராவது சரிபார்த்தால் அறுவை சிகிச்சைக்கு நடுவில் நிற்பது உங்கள் அப்பா, புரோக்கர் இல்லை.

இந்த இடத்தில் எனக்குக் கோபம் வருகிறது, சொல்லிவிடுகிறேன். மாதம் 10,000-க்குள் ஒரு குடும்பம் வாழ்ந்தால் மாநிலத் திட்டம், ஒரு தொழிலாளியின் சம்பளம் 21,000-க்குள் இருந்தால் இ.எஸ்.ஐ. இந்த 21,000 வரம்பு 2017 ஜனவரியில் வைத்தது, அதற்குப் பிறகு அரிசி பருப்பு வாடகை எல்லாம் எங்கே போய்விட்டது என்று உங்களுக்கே தெரியும். பி.எஃப்., இ.எஸ்.ஐ. எதுவும் இல்லாமல் பீஸ் ரேட்டுக்குத் தைக்கிறவர், சொந்தமாக இரண்டு தறி வைத்திருப்பவர், ஆட்டோ ஓட்டுகிறவர், இவர்களெல்லாம் எந்த அட்டைக்கும் அகப்படாமல் நடுவில் நிற்கிறார்கள். இப்படி எந்தக் காப்பீடும் இல்லாதவர்கள் நாட்டில் சுமார் 40 கோடிப் பேர் என்று மத்திய அரசின் கொள்கை ஆலோசனை அமைப்பான நிதி ஆயோக்கே 2021-ல் சொன்னது. 2021-22 தேசிய சுகாதாரக் கணக்குப்படி இந்தியாவில் மருத்துவத்துக்குச் செலவாகும் ஒவ்வொரு நூறு ரூபாயிலும் 39 ரூபாய்க்கு மேல் நோயாளி வீட்டிலிருந்து போகிறது. அந்தப் பணம் பெரும்பாலும் உங்கள் 7 பவுன் மாதிரி ஏதாவது ஒரு பெண்ணின் பீரோவிலிருந்துதான் எடுக்கப்படுகிறது என்பது கணக்கில் வராது.

ஏஜென்ட் சொன்னதை மறந்துவிடுங்கள். நோயை மறைத்துப் போட்ட பாலிசியை காப்பீட்டு கம்பெனி ரத்து செய்யலாம், கட்டிய பிரீமியமும் போகும். நேர்மையாகச் சொல்லிப் போட்டாலும், ஏற்கெனவே இருக்கும் நோய்க்கு மூன்று வருடம் வரை காத்திருக்கச் சொல்ல அவர்களுக்கு உரிமை உண்டு. இந்த ஆபரேஷனுக்கு அது எந்த வகையிலும் உதவாது.

3 வட்டி என்பது வருடத்துக்கு 36 சதவீதம். மூன்றரை லட்சம் முழுவதையும் அப்படி வாங்கினால் வட்டி மட்டும் மாதம் 10,500, அசல் அப்படியே நிற்கும். பாதி வாங்கினாலே 5,250. வேண்டாம். ஆனால் சிகிச்சை இலவசமாக நடந்தாலும் கையில் காசில்லாமல் முடியாது: கோவைக்குப் போக வர, அம்மா கூடவே தங்க, சாப்பாடு, உங்கள் லீவுக்குப் பிடிக்கும் சம்பளம், திரும்பி வந்த பிறகு பழம் பால் முட்டை. 40,000 ரூபாயாவது எடுத்து வையுங்கள் என்பேன். அதற்கு நகையை விற்காதீர்கள், தேவையான அளவை மட்டும் வங்கியிலோ கூட்டுறவு வங்கியிலோ அடகு வையுங்கள், நூற்றுக்கு மாதம் ஒரு ரூபாய்க்குள்தான் வட்டி வரும். ஆபரேஷனுக்குப் பிறகான மாத்திரைகளை இ.எஸ்.ஐ. மருந்தகத்தில் வாங்குங்கள். பிரஷர், சர்க்கரை மாத்திரைகளுக்கு மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் கிராமச் செவிலியரிடம் பெயரைப் பதிந்துவிட்டால் வீட்டுக்கே கொண்டுவந்து கொடுப்பார்கள்.

கடைசியாக அந்த 21,500 வேலை. இப்போது போகாதீர்கள். 3,300 ரூபாய் கூடுதலாக வரும், ஆனால் அந்தச் சம்பளத்தில் சேர்ந்தால் இ.எஸ்.ஐ. கிடையாது. பைபாஸ் ஆன 61 வயதுக்காரருக்கு வெளியே பாலிசி கிடைப்பதே அபூர்வம். இப்போதிருக்கும் கம்பெனியில் ஓவர்டைம் செய்து ஏதோ ஒரு மாதம் 21,000-ஐத் தாண்டினால் பயப்பட வேண்டாம், வரம்புக்கு ஓவர்டைமைச் சேர்க்க மாட்டார்கள். புதிய கம்பெனிக்காரரிடம் ஆறு மாதம் கழித்துச் சேரலாமா என்று கேட்டுப் பாருங்கள், முடியாது என்றால் விட்டுவிடுங்கள்.