ஒளிப்பதிவாளர் பதில்கள்

கேள்வி: காமெடிக் குறும்படங்களுக்கே தொடர்ந்து கேமரா செய்கிறேன். 'பளிச்சென்று லைட் போட்டால் போதுமே, இதில் உனக்கென்ன வேலை?' என்கிறார்கள். இப்படியே முத்திரை விழுந்துவிடுமோ?

பதில்: அந்தப் பளிச்சென்ற லைட்தான் கஷ்டமே. சோகக் காட்சியில் நடிகர் நாற்காலியில் உட்கார்ந்து அழுவார். அந்த நாற்காலிக்கு லைட் வைத்தால் ஆயிற்று. காமெடி நடிகர் ஒரு டேக்கில் கதவோரம் நிற்பார், அடுத்ததில் மேஜைக்கு அடியில் புகுந்துவிடுவார். எங்கே போனாலும் முகம் தெரிய வேண்டும், சுவரில் நிழல் ரெட்டையாக விழக் கூடாது. 'இங்கேயே நில்லுங்கள்' என்று அவரைக் கட்டிப்போட்டால் அவர் காமெடி போய்விடும். அதனால் ஆளுக்கு வைக்காமல் அறைக்கே லைட் வைக்கிறோம்.

லென்ஸும் அப்படித்தான். ஒருவர் உட்காரப் போகிறார், பின்னால் நிற்பவர் நாற்காலியை இழுக்கிறார். 85 மி.மீ. லென்ஸ் (நெருக்கிக் காட்டுவது) போட்டு முகத்தை எடுத்தால் ஆள் ஃபிரேமை விட்டே மறைந்துவிடுவார், ஏன் விழுந்தார் என்றே புரியாது. அகலமாகக் காட்டும் 28-ஓ 35-ஓ போட்டுக் கால் வரை காட்டுங்கள். நகரும் நாற்காலியும் அதை அறியாத முகமும் ஒன்றாகத் தெரியும். அப்புறம், விழப்போவது ஆபரேட்டருக்கு முன்பே தெரியும் என்பதால் கை தானாகக் கீழே இறங்கப் பார்க்கும். ஆள் விழுவதற்கு முன்பே கேமரா துளி இறங்கினாலும் பார்க்கிறவர் உஷாராகிவிடுவார். உதவியாளரைச் சேர்க்கும்போது நான் முதலில் கவனிப்பது இந்தக் கையைத்தான்.

முத்திரைக்குப் பயப்படாதீர்கள். லாரல் – ஹார்டி என்ற ஹாலிவுட் காமெடி ஜோடியின் குறும்படங்களுக்குக் கேமரா செய்த ஜார்ஜ் ஸ்டீவன்ஸ், பிறகு இயக்குநராகி 1951-லும் 1956-லும் வெளிவந்த இரண்டு படங்களுக்குச் சிறந்த இயக்குநர் ஆஸ்கர் வாங்கினார். இரண்டுமே காமெடி இல்லை. வாய்ப்புக் கேட்கக் காட்டும் உங்கள் ஷோரீலில் (மாதிரி வீடியோவில்) மட்டும் அழகான ஷாட்களைக் கத்தரித்துப் பாட்டு ஒட்டாதீர்கள். ஒரு காமெடிக் காட்சியை முதலிலிருந்து கடைசி வரை, அதன் சொந்தச் சத்தத்தோடு வையுங்கள். உங்கள் நிதானம் அதில்தான் தெரியும்.

கேள்வி: ஷாட் ஓடும்போது எனக்கே சிரிப்பு வந்துவிடுகிறது. என்ன செய்வது?

பதில்: நல்லதுதான், காட்சி வேலை செய்கிறது! ஆனால் தோளில் கேமரா இருந்தால் உங்கள் வயிறு குலுங்குவது படத்தில் தெரியும். பெரிய சிரிப்புள்ள ஷாட்டை டிரைபாடில் வையுங்கள். பேன் (பக்கவாட்டில் திருப்புவது), டில்ட் (மேலும் கீழும் சாய்ப்பது) தேவையில்லை என்றால் இரண்டையும் லாக் செய்துவிட்டுக் கையை எடுத்துவிடுங்கள். வாயை மட்டும் பொத்திக்கொள்ளுங்கள், மைக்கில் விழும்.