மலையில் பிறக்கும் கௌசிகா ஆறு ஏன் வறண்டு கிடக்கிறது?

கோவைக்கு வடக்கே குருடிமலையில் தொடங்கி, இடிகரை, கோவில்பாளையம் வழியாகக் கிழக்கே போய் நொய்யலில் சேரும் சிற்றாறு கௌசிகா. மலையில் பிறந்தும் ஏன் வறண்டிருக்கிறது என்று கேட்டிருக்கிறீர்கள்.

தென்மேற்குப் பருவமழையை மேற்குத் தொடர்ச்சி மலை பெருமளவு கேரளப் பக்கமே இறக்கிவிடுகிறது. கௌசிகாவுக்கு முக்கியமாகக் கிடைப்பது அக்டோபர் முதல் டிசம்பர் வரையிலான வடகிழக்கு மழைதான். அதுவும் சரிவில் வேகமாக வடிந்துவிடும். அடியில் கடினப் பாறை. விரிசல்களில்தான் நீர் தங்கும். அந்த நீரையும் போர்வெல்கள் உறிஞ்ச, ஊற்று எப்படி மிஞ்சும்?

அப்புறம் சீமைக்கருவேலம். படுகையில் புதராக மண்டி, மஞ்சள் காய்களை மணல்மேல் உதிர்த்துக்கொண்டே இருக்கும். அதைத் தின்னும் ஆடுமாடுகளே விதையைப் பரப்பிவிடும். முள்ளை வெட்டினால் மட்டும் போதாது, வழியிலுள்ள குளங்களின் வரத்து வாய்க்கால்களை முதலில் திறந்துவிட வேண்டும்.