மேய்க்கால் நிலம் அறக்கட்டளைக்குப் போய்விட்டது: வழக்குப் போட்டால் நிற்குமா?

விழுப்புரம் மாவட்டத்து வாசகர் ஒருவரின் கேள்வி: "எங்கள் ஊர் மேய்க்கால் புறம்போக்கில் சுமார் 3 ஏக்கரை ஒரு தனியார் அறக்கட்டளைக்குக் கல்லூரி கட்ட அரசு ஒதுக்கிவிட்டதாகச் சொல்கிறார்கள். தாசில்தாரிடமும் கலெக்டரிடமும் மனு கொடுத்தோம், பதில் இல்லை. நீதிமன்றம் போனால் வழக்கு நிற்குமா?"

நிற்க நல்ல வாய்ப்பு உண்டு. ஆனால் "சொல்கிறார்கள்" என்ற நிலையில் போகாதீர்கள். ஒதுக்கீட்டு உத்தரவின் நகல் முதலில் கைக்கு வரட்டும். அது இல்லாமல் ரிட் மனு (அரசின் செயலை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் நேரடியாகப் போடும் மனு) போட்டால், "மனுதாரர் கொடுத்த மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலியுங்கள்" என்று அதிகாரிக்குச் சொல்லி வழக்கை முடித்துவைப்பது உயர் நீதிமன்றத்தில் சாதாரணமாக நடப்பது. உங்கள் மனு தூங்கிய அதே மேசைக்கே விஷயம் திரும்பிப் போகும். அதற்குள் அங்கே சுற்றுச்சுவர் எழும்பிவிடும்.

ஆகவே இன்றே தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கட்டணத்தோடு விண்ணப்பியுங்கள். 30 நாளில் பதில் தர வேண்டும். ஒதுக்கீட்டு உத்தரவோடு நிற்காமல் அறக்கட்டளையின் விண்ணப்பம், விஏஓவும் வருவாய் ஆய்வாளரும் கொடுத்த அறிக்கை, நில மதிப்பு நிர்ணயம், ஊராட்சியின் கருத்தைக் கேட்ட கடிதம், கோப்புக் குறிப்புகள் எல்லாவற்றையும் கேளுங்கள். கீழே இருந்த அலுவலர் "ஆட்சேபகரமான புறம்போக்கு" (பொதுப் பயன்பாட்டுக்கானது, தனியாருக்குக் கொடுக்கக் கூடாதது) என்று எழுதியிருக்க, மேலே அதைத் தாண்டி ஒப்புதல் கொடுத்திருந்தால் அந்தக் குறிப்பே உங்களுக்குப் பெரிய பலம். 'அ' பதிவேட்டு நகலை இணையத்திலேயே எடுக்கலாம். நிலத்தின் வகைப்பாடு அதில் இருக்கும்.

வகைப்பாடு ஏன் முக்கியம்? தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம், 1994-இன் 134-வது பிரிவுப்படி மேய்க்கால், களம், மயானம், தோப்பு போன்ற புறம்போக்குகள் கிராம ஊராட்சியின் பொறுப்பில் வருகின்றன. அவற்றை அந்தப் பொறுப்பிலிருந்து விலக்க வேண்டுமானால் கலெக்டர் ஊராட்சியைக் கலந்தாலோசித்து அறிவிக்கை வெளியிட வேண்டும். இது நடந்ததா என்பதே உங்கள் வழக்கின் உயிர்.

அடுத்த கேள்வி, அந்த அறக்கட்டளையை எப்படித் தேர்ந்தெடுத்தார்கள் என்பது. போபாலில் ஒரு நினைவு அறக்கட்டளைக்கு 20 ஏக்கர் கொடுத்ததை உச்ச நீதிமன்றம் 2011-இல் ரத்து செய்தது. விளம்பரம் இல்லை, மற்றவர்களுக்கு வாய்ப்பு இல்லை, கேட்டவருக்குத் தூக்கிக் கொடுத்தார்கள் என்பதே காரணம். ஐதராபாத்தில் எம்எல்ஏக்கள், நீதிபதிகள், அதிகாரிகள், பத்திரிகையாளர்களின் வீட்டுவசதிச் சங்கங்களுக்குச் சலுகை விலையில் நிலம் கொடுத்ததும் 2024 நவம்பரில் உச்ச நீதிமன்றத்தில் ரத்தானது. பெற்றவர்களில் நீதிபதிகள் இருந்தும் அந்த ஒதுக்கீடு தப்பவில்லை.

சரி, எங்கே போவது? சிவில் வழக்கு என்றால் அரசுக்கு முன்கூட்டியே இரண்டு மாத நோட்டீஸ் கொடுக்க வேண்டும். அவசரமென்றால் நீதிமன்ற அனுமதியோடு அதைத் தவிர்க்கலாம் என்றாலும், இதற்கு ரிட் மனுதான் சரியான வழி. உங்கள் மாவட்டத்துக்குச் சென்னை உயர் நீதிமன்றம். பொதுநல மனுவாகப் போட்டால் உங்களுக்குச் சொந்த லாபம் இல்லை என்று உறுதிமொழிப் பத்திரத்தில் சொல்ல வேண்டும். அந்த நிலத்தை ஒட்டி உங்கள் பட்டா நிலம் இருந்தால் மறைக்காதீர்கள், பின்னால் தெரிந்தால் மனுவே தள்ளுபடியாகலாம். அறக்கட்டளையையும் எதிர்மனுதாரராகச் சேர்க்க மறக்காதீர்கள். அவர்களைக் கேட்காமல் ஒதுக்கீட்டை ரத்து செய்ய நீதிமன்றம் தயங்கும். கட்டுமானத்துக்கு இடைக்காலத் தடையும் சேர்த்தே கேளுங்கள்.

ரிட் மனுவுக்குச் சட்டத்தில் காலவரம்பு இல்லைதான். ஆனால் தாமதம் உங்களைத்தான் பாதிக்கும். ஆக்கிரமிக்கப்பட்ட கிராமப் பொதுநிலங்களை மீட்கச் சொன்ன உச்ச நீதிமன்றத்தின் 2011 ஜக்பால் சிங் தீர்ப்பேகூட, ஏற்கெனவே பள்ளியோ மருந்தகமோ இயங்கும் இடத்துக்கு விதிவிலக்கு கொடுத்தது. கல்லூரியில் வகுப்பு தொடங்கிவிட்டால் அதையே உங்களுக்கு எதிராக வாதிடுவார்கள். அந்தத் தீர்ப்பில் நிலமற்ற தொழிலாளர்களுக்கும் பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் அரசு அறிவிப்பின்படி கொடுத்த குத்தகைக்கும் விதிவிலக்கு உண்டு. அது நியாயமானது. அதே புறம்போக்கின் ஓரத்தில் ஏழைக் குடும்பங்களுக்கு வீட்டுமனைப் பட்டா கொடுத்திருந்தால், தயவுசெய்து அவர்களை இந்த வழக்கில் இழுக்காதீர்கள்.

இதற்கிடையே கிராம சபையில் தீர்மானம் போட்டு, நகலை மனுவோடு இணையுங்கள். செலவுக்குத் தயங்க வேண்டாம். பெண்களும் பட்டியல் சாதி, பழங்குடியினரும் வருமானம் எவ்வளவு இருந்தாலும் இலவச சட்ட உதவி பெறலாம். அவர்களில் ஒருவர் மனுதாரராக முன்வந்தால், மாவட்ட சட்டப்பணிகள் ஆணைக்குழு அலுவலகத்தில் விண்ணப்பம் கொடுங்கள்.