கத்தரி யார் கையில்?

கேள்வி: பிரெஞ்சு இயக்குநர் கோதாரின் 'ப்ரெத்லெஸ்' பார்த்தேன். கார் காட்சியில் படம் தத்தித் தத்திப் போகிறது. பிரிண்ட் கோளாறோ என்று நினைத்தேன், நண்பர் அதுதான் ஸ்டைல் என்கிறார். எடிட் செய்தது யார், அப்புறம் அவர் என்ன ஆனார்?

பதில்: பிரிண்ட் நன்றாகத்தான் இருக்கிறது. எடிட்டர் பெயர் செசில் தெக்யூஜிஸ். ஜம்ப் கட் (ஷாட்டின் நடுவில் வெட்டிப் படத்தைத் தாவவிடுவது) என்றதும் எல்லோரும் கோதார் பெயரைச் சொல்லிவிட்டு நகர்ந்துவிடுகிறார்கள், நீங்கள் எடிட்டரைக் கேட்டதற்கே ஒரு சபாஷ்.

முதலில் கோத்துப் பார்த்தபோது படம் ரொம்ப நீளம், ஒன்றரை மணி நேரத்துக்குள் அடக்கியாக வேண்டும். வழக்கமாக என்றால் நாலைந்து காட்சிகளை முழுசாகத் தூக்குவார்கள். இவர்கள் ஷாட்டின் நடுவயிற்றிலேயே கைவைத்தார்கள். அந்தக் காரை இன்னொரு தடவை பாருங்கள்: நாயகி ஜீன் செபெர்க்கின் பின்கழுத்து மட்டும் தெரிகிறது, நாயகன் பெல்மாண்டோ கழுத்து அழகு, குரல் அழகு என்று அடுக்கிக்கொண்டே போகிறார், பேச்சு அறுபடவில்லை, ஆனால் அவளுக்கு அந்தப் பக்கம் பாரிஸ் தெரு மட்டும் சடக் சடக்கென்று மாறுகிறது. படப்பிடிப்பிலேயே குரலைப் பதிவு செய்யாமல் வசனத்தைப் பிறகு டப்பிங் செய்ததால்தான் இந்த விளையாட்டு இவ்வளவு சுலபமாக நடந்தது.

படம் வெளியானது 1960 மார்ச்சில். அதே ஆண்டு, அல்ஜீரிய விடுதலைக்குப் போராடிய எஃப்.எல்.என். அமைப்புக்குத் தன் பெயரில் வீடு வாடகைக்கு எடுத்துக் கொடுத்தார் என்று செசிலைக் கைது செய்தார்கள். ஐந்தாண்டு தண்டனை, அதில் இரண்டாண்டு உள்ளே இருந்தார். 'லே மிஸ்தோன்' குறும்படத்தை எடிட் செய்ய இவரிடம்தான் இயக்குநர் த்ரூஃபோ கொடுத்திருந்தார். அந்த த்ரூஃபோ, 1960 செப்டம்பரில் அல்ஜீரியப் போரை எதிர்த்து வந்த '121 பேர் அறிக்கை'யில் கையெழுத்துப் போட்டார்.

கேள்வி: பிற்பாடு செசில் இயக்குநர் எரிக் ரோமரிடம் போனாராமே? அந்தப் படங்களில் பேசிக்கொண்டே இருக்கிறார்கள், எடிட்டருக்கு அங்கே என்ன வேலை?

பதில்: நிறைய வேலை, கண்ணுக்குத் தெரியாது, அவ்வளவுதான். 1969-ல் 'மை நைட் அட் மாட்ஸ்', அங்கிருந்து 1984-ல் 'ஃபுல் மூன் இன் பாரிஸ்' வரை கிட்டத்தட்ட பதினைந்து வருஷம் ரோமரின் படங்கள் பலவும் இவர் மேஜைக்குத்தான் வந்தன.

முதல் படத்தில் மாட் என்கிற பெண் படுக்கையில், நாயகன் பக்கத்தில், ராத்திரி முழுக்கப் பேச்சு. ஒருவர் பேசும்போது கேட்பவர் முகத்திலேயே படம் நிற்கும் இடங்களைக் கவனியுங்கள். முகத்தில் ஒரு தயக்கம் தோன்றி மறைய அரை நொடி போதும், 12 ஃப்ரேம். முந்தி வெட்டினால் அந்தத் தயக்கமே கிடையாது, பிந்தினால் நடிகர் தன் வசனத்துக்குக் காத்திருப்பது பளிச்சென்று தெரிந்துவிடும். என்னைக் கேட்டால் ஜம்ப் கட்டைவிட இதுதான் கஷ்டம் (ஜம்ப் கட்டை இப்போது மொபைல் வைத்திருக்கிற எல்லோரும் போடுகிறோம்).

செசில் 2017-ல் காலமானார். இரண்டு படங்களையும் ஒரே வாரத்தில் பாருங்கள், ஆனால் மாட் முதலில், கார் அப்புறம்.