மகள் கொரியாவில் நடிகை ஆக வேண்டும் என்கிறாள்: ஒரு தாய்க்குப் பதில்

வணக்கம் அம்மா.

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். பிளஸ் டூவில் காமர்ஸ் படிக்கிற மகள். ராத்திரி பதினொரு மணிக்கு மேலும் போனில் கொரியன் சீரியல். கணக்கு நோட்டின் கடைசிப் பக்கங்களில் கொரிய எழுத்துகளை எழுதிப் பழகியிருக்கிறாள். போன வாரம் சாப்பிடும்போது, "நான் கொரியாவுக்குப் போய் நடிப்புப் படிக்கப் போகிறேன்" என்று சொல்லிவிட்டாள். அவள் அப்பா தட்டில் கை கழுவிவிட்டு எழுந்து போய்விட்டார். அன்றிலிருந்து உங்களுக்கு வயிற்றில் புளியைக் கரைக்கிறது. எப்படியாவது இந்த ஆசையை அவள் மனதிலிருந்து எடுத்துவிடுங்கள் என்று என்னிடம் கேட்டிருக்கிறீர்கள்.

அதை நான் செய்ய மாட்டேன். பதினேழு வயதில் ஒரு பெண் மனதில் பட்டதை வாய்விட்டுச் சொல்லியிருக்கிறாள். அதை அடக்கினால் அடுத்த முறை உங்களிடம் சொல்ல மாட்டாள், அவ்வளவுதான். நான் செய்யக்கூடியது வேறு. அவள் திரையில் பார்க்கிற நடிகைகளின் வாழ்க்கையில் திரைக்கு வராத வருடங்களை உங்கள் இருவருக்கும் காட்டலாம்.

மகளுக்குப் பிடித்த நடிகைகள் என்று நீங்கள் எழுதியிருக்கிற பெயர்கள் எல்லாம் இருபதுகளில், முப்பதுகளில் இருப்பவர்கள். ஒரு தொழிலைப் பற்றித் தெரிந்துகொள்ள அதில் ஐம்பது வருடம் தாக்குப்பிடித்தவரைப் பார்க்க வேண்டும் என்பது என் பழக்கம். அதனால் யூன் யோ ஜங் பற்றிச் சொல்கிறேன். 1947 இல் பிறந்தவர். 'மினாரி' படத்தில் பேரனோடு சீட்டு விளையாடுகிற பாட்டியாக வருவாரே, அவர்தான்.

சோல் நகரத்தில் ஹன்யாங் பல்கலைக்கழகத்தில் கொரிய இலக்கியம் படிக்கச் சேர்ந்தவர் அவர். கைச்செலவுக்கு டிபிசி என்ற தொலைக்காட்சி நிலையத்தில் பகுதி நேர வேலைக்குப் போனார். அங்கே ஒருவர் சொல்லி, 1966 இல் அந்த நிலையம் நடத்திய நடிகர் தேர்வை எழுதித் தேறினார். நடிகை ஆகியே தீர வேண்டும் என்ற கனவோடு போனவர் இல்லை. அந்தக் காலத்தில் கொரியாவில் தொலைக்காட்சி நிலையங்கள் நம் ஊரில் வங்கி வேலைக்கு ஆள் எடுப்பது மாதிரி, அறிவிப்பு வெளியிட்டுத் தேர்வு வைத்து நடிகர்களை எடுத்தன. இன்று அந்த வாசல் ஏறக்குறைய மூடிவிட்டது. இப்போது ஏஜென்சிகள், பல்கலைக்கழக நாடகத் துறைகள், சிறு நாடகக் குழுக்கள் வழியாகத்தான் ஆட்கள் வருகிறார்கள். மகளிடம் இதை முதலில் சொல்லுங்கள். ஏனென்றால் அவள் இன்னமும் "ஆடிஷனில் தேறினால் போதும்" என்று நினைத்துக்கொண்டிருப்பாள்.

1971 இல் எம்பிசி என்ற தொலைக்காட்சி நிலையத்தின் தொடரில், ஜோசோன் என்ற பழைய கொரிய அரச வம்சத்தின் அரசவையில் இருந்த ஜாங் ஹூய் பின் என்ற பெண்ணாக யூன் நடித்தார். கொரிய வரலாற்றில் சூழ்ச்சிக்காரி என்று பெயர் வாங்கியவள் அவள். அப்போது ஒரு குளிர்பான விளம்பரத்திலும் யூனின் முகம் இருந்தது. தொடரைப் பார்த்த மக்கள் கோபத்தில் அந்தச் சுவரொட்டிகளில் இருந்த அவருடைய கண்களைக் குத்திக் கிழித்தார்கள், விளம்பரம் கைவிட்டுப் போனது. அதே வருடம் இயக்குநர் கிம் கி யங்கின் படத்தில் அறிமுகமாகி, கொரியாவின் புளூ டிராகன் விருது விழாவில் சிறந்த நடிகை ஆனார். வயது 24. உங்கள் மகள் கற்பனையில் இருப்பது இந்த இடம்தான். பெரும்பாலான பிள்ளைகளின் கற்பனை இங்கேயே நின்றுவிடுகிறது.

அப்புறம் என்ன நடந்தது? எழுபதுகளின் நடுவில் ஒரு பாடகரைத் திருமணம் செய்துகொண்டு அமெரிக்காவுக்குப் போனார். புளோரிடாவில் குடித்தனம், இரண்டு மகன்கள். சொந்த நாட்டில் தெருவில் போனால் அடையாளம் கண்டுகொள்ளப்பட்ட நடிகை அங்கே ஒரு மளிகை சூப்பர்மார்க்கெட்டில் பில் போட்டார். மணிக்கு 2 டாலர் 75 சென்ட் சம்பளம். இதை அவரே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார், மறைக்க வேண்டிய விஷயமாக ஒருநாளும் நினைக்கவில்லை.

எண்பதுகளின் நடுவில் கொரியா திரும்பினார். 1987 இல் விவாகரத்து. இரண்டு பிள்ளைகளை வளர்க்க வேண்டும், தெரிந்த தொழில் நடிப்பு ஒன்றுதான். ஆனால் விவாகரத்தான பெண் டிவியில் வரக்கூடாது என்று நினைத்த காலம் அது. அவர் குரல் கரகரப்பாக இருக்கிறது, பிடிக்கவில்லை என்றும் பார்வையாளர்கள் குறை சொன்னார்கள். ஒரு காலத்தில் கதாநாயகியாக இருந்தவர், கிடைத்த சின்னப் பாத்திரங்களை எல்லாம் வாங்கிக்கொண்டார். அக்கா வேடம், அத்தை வேடம், நான்கு வசனம், இரண்டு வசனம், எதையும் விடவில்லை. நடிகருக்குப் பணம் தேவைப்படும்போதுதான் நடிப்பு நன்றாக வரும் என்று பின்னால் டிவி நிகழ்ச்சியில் வெளிப்படையாகவே சொன்னார்.

அம்மா, நீங்கள் என்னிடம் கேட்ட கேள்விக்குப் பதில் இந்த வருடங்களில்தான் இருக்கிறது. அவருக்கு அழகும் திறமையும் 24 வயதிலேயே இருந்தன. அவை இருந்தும் வேலை நின்றது. வேலை நின்றபோது பில் கவுண்டரில் நிற்க முடிந்தது, திரும்பி வந்தபோது சின்ன வேடத்துக்கு ஒத்துக்கொள்ள முடிந்தது. அதனால்தான் தொழில் மிஞ்சியது. உங்கள் மகளுக்கு நடிக்க வருமா என்று நான் பார்க்கப் போவதில்லை, அதைப் பயிற்சி கொடுக்கிறவர்கள் பார்ப்பார்கள். வாய்ப்பே வராத மூன்று வருடத்தில் அவள் வீட்டு வாடகையை எப்படிக் கட்டுவாள் என்பதைத்தான் நான் அவளிடம் கேட்பேன்.

யூனின் கதையின் மீதியைச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். கதாசிரியர் கிம் சூ ஹியூன் தன் தொடர்களில் அவருக்குத் தொடர்ந்து வேடம் கொடுத்தார். அப்படி வந்த ஒரு குடும்பத் தொடர் 1991-92 இல் கொரியா முழுவதையும் டிவி முன்னால் உட்கார வைத்தது. 2003 இல் மறுபடி சினிமாவில் அழுத்தமான வேடங்கள் வர ஆரம்பித்தன. அறுபதைக் கடந்த பிறகு, தனக்குப் பிடித்த மனிதர்களோடு மட்டும்தான் வேலை என்று முடிவெடுத்தார். அப்படி ஒரு தோழி கொண்டுவந்த கதைதான் 'மினாரி'. 2019 கோடையில் அமெரிக்காவின் ஓக்லஹோமா மாநிலத்தில், குறைந்த செலவில், 25 நாளில் எடுத்த படம். 2021 ஏப்ரலில் அதற்காக ஆஸ்கர் வாங்கினார். நடிப்புக்காக ஆஸ்கர் வாங்கிய முதல் கொரியர் அவர். வயது 73. மேடையில் இரண்டு மகன்களுக்கு நன்றி சொன்னார். தன்னை வேலைக்குப் போக வைத்தவர்கள் அவர்கள்தான், அம்மா அவ்வளவு கஷ்டப்பட்டு உழைத்ததன் பலன் இது என்றார். தன் முதல் பட இயக்குநர் கிம் கி யங்கையும் நினைவுகூர்ந்தார்.

ஒருவர் கதையை மட்டும் வைத்து முடிவெடுக்க வேண்டாம். 'பாரசைட்' என்ற கொரியப் படத்தில், முன்பு வேலை பார்த்த வீட்டு வாசலில் மழையில் நனைந்தபடி வந்து நிற்கும் பணிப்பெண்ணை மகள் பார்த்திருப்பாள். அவர் லீ ஜங் இயுன். 1991 இல் நாடக மேடையில் தொடங்கியவர். அந்தப் படம் வந்தது 2019 இல். நடுவில் 28 வருடம். அதில் நிறைய வருடங்கள் கடைகளில் வேலை பார்த்தும் நடிப்புச் சொல்லிக்கொடுத்தும் ஓடின. இளையவர்களில் கிம் டே ரியைப் பாருங்கள். கல்லூரியில் படித்தது ஊடகவியல். அங்கே நாடக மன்றத்தில் நுழைந்து, பிறகு நாடகக் குழுவில் இருந்து, சுமார் 1,500 பேர் வந்த ஆடிஷனில் தேர்வானார். ஒரு டிகிரி படித்துக்கொண்டே நடிப்புக்குள் போகலாம் என்பதற்கு அவர் நல்ல உதாரணம். இதை அவள் அப்பாவிடம் அவசியம் சொல்லுங்கள்.

சரி, இந்தியாவிலிருந்து போய் அங்கே நடிகர் ஆனவர் உண்டா? உண்டு. 'ஸ்குவிட் கேம்' என்ற கொரியத் தொடரின் முதல் பருவத்தில் அலியாக நடித்த அனுபம் திரிபாதி டெல்லிக்காரர். டெல்லியில் சில வருடம் நாடகக் குழுவில் இருந்துவிட்டு, 2010 இல் கொரிய தேசியக் கலைப் பல்கலைக்கழகத்தின் உதவித்தொகையில் நடிப்புப் படிக்கப் போனார். உலகம் அவர் முகத்தைக் கவனித்தது 2021 இல். அதுவரை கிடைத்ததில் பெரும்பாலும் புலம்பெயர்ந்த தொழிலாளி வேடங்கள்தான். அலியும் பாகிஸ்தானிலிருந்து வந்த தொழிலாளி. இதை மகளிடம் மறைக்காதீர்கள். அவள் பார்க்கிற காதல் தொடர்களின் கதாநாயகி வேடம் வெளிநாட்டுப் பெண்ணுக்கு எழுதப்படுவது மிக அரிது. அது அவளுடைய திறமைக் குறைவு இல்லை, அங்கே எழுதப்படுகிற கதைகளின் இயல்பு. கேட்டதும் அழுவாள். அழட்டும். இப்போது தெரிவது நல்லது.

இனி என் யோசனை. அவள் முதலில் மொழியைச் சரியாகப் படிக்கட்டும். சீரியல் பார்த்துக் கற்ற கொரியன் ஆடிஷனில் நிற்காது. சென்னையில் இன்கோ மையம் என்ற இந்திய-கொரியப் பண்பாட்டு மையத்தில் முறையான கொரிய வகுப்புகள் நடக்கின்றன. டோபிக் என்று ஒரு மொழித் தேர்வு இருக்கிறது, ஆறு நிலைகள். கொரியப் பல்கலைக்கழகங்கள் பெரும்பாலும் மூன்றாம் நிலையாவது கேட்கும். நடிப்புக்கு அது போதாது, அதற்கும் மேலே போக வேண்டும். ஆனால் மூன்றாம் நிலைக்கு வருவதற்குள்ளேயே இது ஆசையா வைராக்கியமா என்று உங்களுக்கும் தெரிந்துவிடும், அவளுக்கும் தெரிந்துவிடும். கொரிய அரசே மாணவர்களுக்குப் படிப்புச் செலவோடு கொடுக்கும் உதவித்தொகைத் திட்டமும் உண்டு. அதற்கு மதிப்பெண் முக்கியம், அதனால் பிளஸ் டூ பரீட்சையை அலட்சியம் செய்தால் நான் கண்டிப்பாகத் திட்டுவேன் என்று சொல்லி வையுங்கள்.

இந்த மொழியில் இன்னொரு சோறும் இருக்கிறது. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய், ஸ்ரீபெரும்புதூரில் சாம்சங், அவற்றுக்கு உதிரிபாகம் செய்து கொடுக்கும் கொரிய நிறுவனங்கள் என்று எத்தனையோ இடங்களில் கொரியனும் தமிழும் ஆங்கிலமும் தெரிந்த ஆள் வேண்டும். மொழிபெயர்ப்பாளர் வேலை, அலுவலக ஒருங்கிணைப்பு வேலை எல்லாம் உண்டு. டெல்லி ஜவஹர்லால் நேரு பல்கலைக்கழகத்தில் கொரிய மொழியில் பி.ஏ. ஆனர்ஸ் இருக்கிறது, க்யூட் என்ற பல்கலைக்கழகப் பொது நுழைவுத் தேர்வு எழுதிச் சேரலாம். அவளுக்குப் பில் கவுண்டராக இது இருக்கட்டும். நடிப்பை விடச் சொல்லவில்லை. நடிப்பில் வேலை இல்லாத நாளிலும் மரியாதையோடு சம்பாதிக்க ஒரு கைத்தொழில் வேண்டும் என்கிறேன்.

நடிப்பை இங்கேயே தொடங்கலாம். சென்னையில் கூத்துப்பட்டறை என்ற நாடகக் குழு 1977 இலிருந்து இருக்கிறது. கல்லூரி நாடக மன்றங்கள் இருக்கின்றன. டெல்லி தேசிய நாடகப் பள்ளிக்கும் புனே திரைப்படக் கல்லூரிக்கும் டிகிரி முடித்துப் போகலாம். ஒரு நாடகத்தில் வசனமே இல்லாமல் ஈட்டி பிடித்து நிற்கிற வேடத்தில் மூன்று மாத ஒத்திகைக்குத் தவறாமல் போய்வரட்டும். போனாளானால், நான் அவள் பக்கம் நின்று அப்பாவிடம் பேசுகிறேன்.

ஒரு எச்சரிக்கை. இரண்டு வருடத்துக்கு முன்னால் ஒரு குடும்பம் என்னிடம் வந்தது. சோல் ஆடிஷனுக்கு ஏற்பாடு செய்கிறேன் என்று ஒருவர் பேசி, போட்டோ எடுக்க, பயிற்சிக்கு, விசாவுக்கு என்று தவணை தவணையாகப் பணம் வாங்கிவிட்டார். அந்த அம்மா வளையலை அடகு வைத்த ரசீதை என் மேஜையில் வைத்தார். நகைக்கடை ரப்பர் முத்திரை பாதி அழிந்திருந்தது. அந்தப் பெண் தலை நிமிரவே இல்லை. வேலை கொடுக்கிறவர் உங்களிடம் முன்பணம் கேட்டால் அங்கேயே எழுந்து வந்துவிடுங்கள். கொரியாவிலும் ஏஜென்சி ஒப்பந்தங்கள் ஒரு காலத்தில் இளம் கலைஞர்களைப் பத்து, பதின்மூன்று வருடம் கட்டிப்போட்டன. 2009 இல்தான் அந்நாட்டு வணிகப் போட்டி ஆணையம் ஏழு வருடத்தை அளவாக வைத்து மாதிரி ஒப்பந்தம் கொண்டுவந்தது. எந்த ஊரிலானாலும், புரியாத மொழியில் இருக்கிற தாளில் மகள் கையெழுத்துப் போடக்கூடாது.

உடம்பைப் பற்றி ஒன்று. கொரிய நடிகைகள் மாதிரி மெலிய வேண்டும் என்று ராத்திரிச் சாப்பாட்டை விடுகிறாள் என்று கடிதத்தின் ஓரத்தில் சின்ன எழுத்தில் எழுதியிருக்கிறீர்கள். கடிதத்தில் என்னை அதிகம் கவலைப்பட வைத்த வரி அதுதான். சண்டை போடாமல், ஒரு டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போங்கள். மற்ற எல்லாவற்றையும் தள்ளிப்போடலாம், இதைத் தள்ளிப்போடக் கூடாது.

வருகிற சனிக்கிழமை காலை பத்து மணிக்கு வாருங்கள். மகள் அந்தக் கணக்கு நோட்டையும் கொண்டுவரட்டும், அவள் எழுத்து எப்படி இருக்கிறது என்று பார்க்க எனக்கும் ஆசையாக இருக்கிறது. அப்பாவையும் அழைத்து வாருங்கள். அவர் முதலில் செலவைப் பற்றித்தான் கேட்பார். மொழி வகுப்புக் கட்டணம், டோபிக் கட்டணம், டெல்லி விடுதிச் செலவு எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதி வைக்கிறேன்.