பார்வையே படைப்பா? திருஷ்டி–சிருஷ்டி வாதம்: கேள்வி பதில்

வேதாந்திகளிலேயே பெரும்பாலோர் ஏற்கத் தயங்கும் கொள்கை ஒன்று உண்டு. உலகம் முன்பே இருக்கிறது, அறிவு பிறகு சென்று அதைக் காண்கிறது என்பது பொதுவான கருத்து. காணப்படுவதற்கு முன்போ பின்போ பொருளுக்குத் தனி இருப்பு இல்லை, காண்பதும் (திருஷ்டி) தோன்றுவதும் (சிருஷ்டி) ஒரே நிகழ்ச்சி என்பது திருஷ்டி–சிருஷ்டி வாதம். பிரகாசானந்தர் தம் வேதாந்த சித்தாந்த முக்தாவலியில் இதனை முழு வேகத்தோடு நிலைநாட்டினார். இக்கொள்கையை நெடுங்காலமாகப் பயின்று வருபவன் என்ற முறையில், வந்த கேள்விகளுக்கு விடை தருகிறேன்.

கேள்வி (கும்பகோணம், ஆசிரியை): ஆழ்மனத்தில் திரும்பத் திரும்ப நினைத்தால் நினைத்தது கைகூடும் என்று சொல்லிக் கட்டண வகுப்புகள் நடத்துகிறார்கள். தாங்கள் சொல்வதும் அதுதானா, ஐயா?

பதில்: அன்று. இதை முதலிலேயே அழுத்திச் சொல்லிவிடுகிறேன்: விருப்பம் வேறு, திருஷ்டி வேறு. வீடு வேண்டும், வேலை வேண்டும் என்று விரும்புகிற மனமும் காணப்படும் பொருள்களுள் ஒன்றே. காணப்படும் ஒன்று காணப்படும் இன்னொன்றை ஆணையிட்டு வரவழைக்கும் என்று இக்கொள்கையின் எந்த ஆசிரியரும் சொல்லவில்லை. இதன் பெயரால் பணம் கேட்பவரிடமிருந்து விலகி நில்லுங்கள்.

கேள்வி (தலைஞாயிறு, விவசாயி): ஐயா, நான் கடைமடைக்காரன். ஜூன் 12இல் மேட்டூர் திறந்தாலும் எங்கள் வாய்க்காலுக்குத் தண்ணீர் வந்து சேர்வது நிச்சயமில்லை. போன முறை பயிர் கண்முன்னே கருகிற்று. நான் பார்த்ததால்தான் அது கருகியதா? அப்படியென்றால் பழி என்மேல்தானா?

பதில்: பழி உங்கள்மேல் இல்லை. இதுவரை வந்தவற்றுள் இதுவே தலையாய கேள்வி என்பதால் சற்று விரிவாகச் சொல்ல விரும்புகிறேன்.

குடகில் மழை பொய்த்தால் மேட்டூரில் இருப்பு குறைகிறது. இருப்பு குறைந்தால் கல்லணையில் காவிரிக்கும் வெண்ணாற்றுக்கும் கல்லணைக் கால்வாய்க்கும் பிரிக்கப்படும் நீர் குறைகிறது. வெண்ணாற்றின் கிளைகள் உங்கள் ஊரை எட்டும்போது தலைமடையும் இடைமடையும் எடுத்ததுபோக எஞ்சியதே வருகிறது. இந்தக் காரண காரிய வரிசையில் ஒரு கண்ணியைக்கூட இக்கொள்கை மறுக்கவில்லை. மழை, அணை, வாய்க்கால், வயல், வரப்பில் நின்று பார்க்கும் உங்கள் உடல், 'பழி என்மேல்தானா' என்று வருந்தும் மனம் ஆகிய எல்லாம் சேர்ந்து ஒரே தோற்றமாக எழுகின்றன என்பதே இதன் கூற்று. வயலைப் படைத்தவர் வரப்பில் நிற்கும் நீங்கள் அல்லர். வயலும் நீங்களும் ஒருசேர விளங்கும் அறிவு ஒன்று உண்டு, அதற்குப் பெயரும் ஊரும் பட்டாவும் இல்லை.

'அப்படியானால் எல்லாம் கனவுதானே, நட்டமும் பொய்தானே' என்று யாராவது உங்களிடம் சொன்னால் ஏற்காதீர்கள். மாண்டூக்கிய உபநிடதத்தை விளக்கும் மாண்டூக்கிய காரிகையில் அத்வைத ஆசிரியர் கௌடபாதர் இதைத் தொட்டிருக்கிறார். நனவுப் பொருள்கள் பயன் தருகின்றன, ஆகவே அவை மெய் என்று எதிரி வாதிடுகிறான். அந்தப் பயன் கனவில் செல்லாது என்பது அவர் தரும் விடை. வயிறார உண்டு படுத்தவன் கனவில் பசியோடு அலைகிறான். இதன் மறுபக்கத்தையும் பார்க்க வேண்டும். கனவுப் பசிக்குக் கனவுச் சோறே உணவு. நனவுப் பயிருக்கு நனவுத் தண்ணீரே வேண்டும். ஆகவே முறைப்பாசனத்தில் உங்களுக்கு உரிய நீரைக் கேட்பதும், தூர் வாராத வாய்க்காலுக்காக மனுக் கொடுப்பதும் இக்கொள்கைக்கு மாறானவை அல்ல. துன்பப்படுபவனிடம் 'நீயே வருவித்துக்கொண்டாய்' என்று சொல்பவர் கொள்கையையும் அறியவில்லை, மனிதரையும் அறியவில்லை.

கேள்வி (தஞ்சாவூர், கல்லூரி மாணவர்): குவாண்டம் இயற்பியல் இதை நிரூபித்துவிட்டதா?

பதில்: இல்லை. அங்கே 'நோக்குபவர்' என்பது அளவிடும் கருவியையும் குறிக்கும். ஒளியையோ துகள்களையோ இரு பிளவுகள் வழியே செலுத்தும் இரட்டைப் பிளவுச் சோதனையில் மனிதர் எவரும் பாராதபோதும் கருவி பதிவு செய்தாலே குறுக்கீட்டுப் பட்டை மறைகிறது. மேற்கொண்டு உங்கள் இயற்பியல் பேராசிரியரிடம் கேளுங்கள்.

கேள்வி (மயிலாடுதுறை, சைவ சித்தாந்த வகுப்பு மாணவர்): அடியேன் வணக்கம். இல்லது தோன்றாது, உள்ளது அழியாது என்பது சற்காரிய வாதம். 'அவன், அவள், அது' எனச் சுட்டப்படும் உலகம் தோன்றி நின்று ஒடுங்குவது, எனவே அதை ஒடுக்கித் தோற்றுவிக்கும் முதல்வன் உண்டு என்று எங்கள் முதல் நூலாகிய சிவஞானபோதம் தொடங்குகிறது. காண்பதால் உலகம் உண்டாகிறது என்றால் அடித்தளமே போய்விடுகிறதே? உயிர் எதையும் படைப்பதில்லை. அது சார்ந்ததன் வண்ணமாகிறது. தாங்கள் சொல்வது, அறிவையன்றி வெளிப்பொருள் இல்லை என்னும் யோகாசார பௌத்தம். சிவஞான சித்தியாரில் பிற சமயங்களை ஆராயும் பரபக்கம் அதை எப்போதோ மறுத்துவிட்டது.

பதில்: இக்கேள்வி இந்த மண்ணுக்கே உரியது. பூம்புகார்ப் பல்லவனேசுவரத்தில் அகழ்ந்தெடுக்கப்பட்ட பௌத்த விகாரமும், நாகையில் இராசராசன் காலத்தில் எழுந்த சூடாமணி விகாரமும், திருவாவடுதுறை, தருமபுரம் ஆதீனங்களும் அடுத்தடுத்து அமைந்த நிலத்தில் இந்த வழக்கு பலமுறை நடந்திருக்கிறது.

தங்கள் வாதத்தின் வலிமை 'சார்ந்ததன் வண்ணம்' என்பதில் இருக்கிறது. உயிர் உடலைச் சார்ந்து உடலாகவும், இருளில் கண் இருளாகவும், சிவத்தைச் சார்ந்து சிவமாகவும் நிற்கும் என்பது அனுபவத்துக்கு நெருக்கமான ஆய்வு. அதை நான் மதிக்கிறேன். ஆயினும் ஒன்று கேட்கிறேன். சார்வதற்கு முன் அந்தப் பொருள் எந்நிலையில் இருந்தது என்பதைச் சாராத அறிவு எதனால் அறிந்தது? அனுமானத்தால் என்பீர்கள். அந்த அனுமானமும் ஓர் அறிவு நிகழ்ச்சியே. அறிவுக்கு வெளியே ஓரடி வைத்துப் பார்த்துவிட்டுத் திரும்பியவர் எவரும் இல்லை.

அவரே மீண்டும்: நேற்றுக் கண்ட தூணையே இன்றும் 'அதுவே இது' என அறிகிறேனே? கயிறு பாம்பாகத் தோன்றுவதை வேதாந்திகள் உவமை காட்டுவார்கள்; கயிறு இல்லாமல் அந்த அரவுத் தோற்றம் ஏது? கனவும் நனவும் ஒன்றல்ல என்று சங்கரரே பிரம்மசூத்திர உரையின் இரண்டாம் அத்தியாயத்தில் எழுதியிருக்கிறாரே?

பதில்: ஒவ்வொன்றாகப் பார்ப்போம். 'அதுவே இது' என்னும் உணர்வு இன்றுதான் எழுகிறது. நேற்றைய தூண் இன்றைய நினைவில் மட்டுமே இருக்கிறது. கனவிலும் இதே உறுதியோடு பழைய நண்பனை அடையாளம் காண்கிறோம். கயிற்றைப் பொறுத்தவரை, கொள்கைகள் இங்கேதான் பிரிகின்றன. பொது வேதாந்தம் மெய்யை மூன்று படிகளாகக் கொள்கிறது: பாரமார்த்திகம் (முடிவான மெய்), வியாவகாரிகம் (அன்றாட வழக்கில் மெய்), பிராதிபாசிகம் (தோன்றும் அளவில் மட்டும் மெய்). எங்கள் கொள்கை நடுப்படியான வியாவகாரிகத்தை எடுத்துவிடுகிறது. கயிறும் அரவும் ஒரே படியில் நிற்கின்றன, இரண்டுக்கும் நிலைக்களம் அறிவே. சங்கரர் அங்கே மறுப்பது, அறிவே கணந்தோறும் தோன்றி மறைவது என்ற விஞ்ஞானவாதத்தை, அதாவது யோகாசாரத்தை. எங்கள் அறிவு மாறாதது, ஆகவே யோகாசாரம் என்று எங்களை ஒதுக்க முடியாது.

இன்னொருவர் (திருவாரூர்): நடுப்படியை எடுத்துவிட்டால் அறம், வழிபாடு, குரு எல்லாம் அரவோடு சேர்ந்துவிடுமே, ஐயா. திருக்கோயில் என்னாவது?

பதில்: கனவில் வந்த புலி பொய்யானாலும் அது எழுப்பிய விழிப்பு மெய் என்பது மரபு விடை. குருவும் கோயிலும் அவ்வாறே விழிப்புக்குக் காரணமாகின்றன. ஆனால் தங்கள் அச்சம் அடிப்படையற்றது அன்று. பக்குவம் வருமுன் இதைக் கேட்டவர்கள் கடமையைக் கைவிடத் துணிவார்கள் என்பதாலேயே பெரியோர் பலர் இதனைத் தகுதியுடையவருக்கே சொன்னார்கள். வேதாரணியத்தைப் பூர்வீகமாகக் கொண்ட தாயுமானவர் வேதாந்த சித்தாந்த சமரசம் பாடியதும் நினைவுக்கு வருகிறது. என்னைப் பொறுத்தவரை இரண்டும் இணையும் என்று சொல்லி இவ்வழக்கை முடித்துவைக்க மனம் ஒப்பவில்லை. உலகம் அறிவைச் சாராமல் உண்டா இல்லையா என்பதில் ஒரு தரப்பே சரியாக இருக்க முடியும்.

கேள்வி (திருச்சி): நேர்மறையாக நினைத்தால் சர்க்கரை நோய் குறையுமா?

பதில்: மருத்துவரைப் பாருங்கள், மாத்திரையை நிறுத்தாதீர்கள். விருப்பம் வேறு, திருஷ்டி வேறு என்று மேலே எழுதியிருக்கிறேன்.

கேள்வி (பட்டுக்கோட்டை): நினைத்ததை அடையும் தியான முறை ஏதேனும் உண்டா?

பதில்: முதல் விடையைப் படியுங்கள். இவ்வகைக் கேள்விகளுக்கு இனி விடை எழுதப் போவதில்லை.

கேள்வி (மன்னார்குடி, இல்லத்தரசி): எல்லாம் ஒரே அறிவின் தோற்றம் என்றால், என் எதிரே அழும் குழந்தைக்குத் தனி உயிர் இல்லையா?

பதில்: உங்களுக்கு எந்த அளவு தனி உயிர் உண்டோ, குழந்தைக்கும் அதே அளவு உண்டு. 'நான் மட்டும் மெய், மற்றவர் நிழல்' என்று கொள்வது இக்கொள்கையைத் தலைகீழாகப் படிப்பதாகும். ஒரே சீவன் என்று பேசும் ஏகசீவ வாதமும் பெயருள்ள உங்களையோ என்னையோ அந்த ஒருவராகச் சுட்டவில்லை. முதலில் குழந்தையைத் தூக்குங்கள்.

கேள்வி (நன்னிலம், ஓய்வுபெற்ற அலுவலர்): தமிழில் எங்கிருந்து தொடங்கலாம்?

பதில்: உங்கள் ஊரிலிருந்தே தொடங்குங்கள். நன்னிலத்து நாராயண தேசிகரின் மாணாக்கர் தாண்டவராய சுவாமிகள் இயற்றிய கைவல்ய நவநீதம் குரு–மாணாக்கர் உரையாடலாக அமைந்தது. தத்துவ விளக்கப் படலத்தை முடிக்காமல் சந்தேகந் தெளிதற் படலத்துக்குச் செல்லாதீர்கள். பிறகு வீரை ஆளவந்தாரின் ஞானவாசிட்டத்தில் இலவணன் கதையைப் படியுங்கள். அரசவையில் மாயக்காரன் மயிற்பீலியை அசைக்க, அரசன் சிறிது நேரத்துக்குள் வேறொரு காட்டில் வேறொருவனாக ஒரு வாழ்நாளையே வாழ்ந்து மீள்கிறான். மறுநாள் விந்தியக் காட்டுக்குச் சென்றால், தான் கண்ட ஊரும் உறவினரும் அங்கே இருக்கிறார்கள். கனவுக்கு வெளியே எது என்ற கேள்வியை அந்தக் கதை விடாமல் துரத்துகிறது. படித்தபின் எழும் ஐயங்களை எழுதுங்கள், விரிவாகவே பேசலாம்.